ஓலாவ் என்ற பேருக்கு பிறெடி சொன்ன அர்த்தம்

கொட்டாஞ்சேனையில் தன்னைத் தெரியாத ஆள் கிடையாது என்று பிறெடி சொல்லுவார். தெரியாத ஆட்கள் நிறையப் பேர் இருந்தார்கள். அவர்கள் வீட்டில் பிள்ளை பிறக்கவில்லை, அவ்வளவுதான். பிறந்த வீட்டுக்காரர் எல்லாரும் ஒரு நாளைக்கென்றாலும் ஜம்பட்டா வீதி ஒழுங்கைக்குள் வந்து, மூன்று மாடி ஏறி, மூச்சு வாங்கிக்கொண்டு, "அங்கிள், பிள்ளைக்கு ஒரு பேர் வேணும்" என்று நின்றவர்கள்தான்.

மனுஷன் துறைமுகத்தில் முப்பத்திரண்டு வருஷம் ரலி கிளாக். கப்பலால் இறங்குகிற சாமானைச் சரி பார்க்கிற வேலை. சாமானைப் பார்த்ததை விட மாலுமிகளின் பேரைக் கேட்டுக் குறித்ததுதான் கூட. எல்லாம் சீ.ஆர். கொப்பி என்கிற ஒரு தடித்த நோட்டில் இருக்கிறது. அந்தக் கொப்பியின் புண்ணியத்தில் ஜம்பட்டா வீதியில் ஒரு குன்னார் இருக்கிறான், ஒரு ஸ்வென் இருக்கிறான். குன்னார் என்றால் போர்வீரன். அந்தப் போர்வீரன் பல் டொக்டரின் கதிரையைக் கண்டாலே மயங்கி விழுவான். அதற்குப் பிறெடி என்ன செய்வார், பாவம்.

கொப்பியில் இல்லாத பேர்தான் அவருடைய உண்மையான திறமை. எங்கள் ஆட்கள் தாயின் பேரில் பாதி, தகப்பனின் பேரில் பாதி ஒட்டி, உலகத்தில் ஒருத்தருக்கும் இல்லாத பேரை முதலில் செய்துவிடுவார்கள். பிறகுதான் அதற்கு அர்த்தம் தேடிப் புறப்படுவார்கள். ஜெறுஷான் என்று ஒரு பிள்ளைக்கு வைத்துவிட்டு வந்தார்கள். பிறெடி கண்ணை மூடினார், கொப்பியைப் புரட்டுகிற மாதிரிப் புரட்டினார், "ஜெருசலேமின் ஒளி. எபிரேயம்" என்றார். அந்தச் சனம் அதை எழுதி, கண்ணாடி போட்டு, ஹோலில் மாட்டி வைத்திருக்கிறது. கேட்கிறவன் கேனையனாய் இருந்தால் கேப்பையிலும் நெய் வடியுமாம். பிறெடியின் விறாந்தையில் நெய் வடியாத நாள் இல்லை.

அவருடைய மனைவி கொன்ஸ்ரன்ஸ். பேருக்கு அர்த்தம் நிலை மாறாதவள். இது உண்மையான அர்த்தம், இட்டுக்கட்டியது இல்லை. முப்பத்தெட்டு வருஷம் பிறெடியோடு ஒரே வீட்டில் இருந்திருக்கிறா, வேறு சாட்சி தேவையில்லை.

ஒரே மகன் மெல்ரோய். 'தேன் ராசா' என்று அர்த்தம் சொல்லி வளர்த்தார். தேன் ராசா கப்பல் எஞ்சினியரிங் படிக்க நோர்வேக்குப் போனான். போன இடத்தில் சிக்ரிட் என்ற பெண்ணைக் மாதா கோயிலில் இல்லாமல் பதிவுக் கந்தோரில் வைத்துக் கலியாணம் எழுதினான். செய்தி வந்த அன்றைக்குப் பிறெடி போனை எடுத்தார். மற்றத் தகப்பன்மார் என்றால் ஏசுவார்கள், அழுவார்கள், நெஞ்சைப் பிடிப்பார்கள். இவர் அர்த்தம் சொன்னார்.

"சிக்ரிட் எண்டால் குடியைப் பிரிக்கிறவள். அவங்கட பழைய பாஷையில அப்பிடித்தான். பேரிலேயே இருக்கு, நீ பார்க்கேல்லை."

அந்தப் பேருக்கு வெற்றியும் அழகும் என்றுதான் அர்த்தம். நோர்வேயில் இருக்கிறவனுக்கு அது தெரியாமல் போகுமா? பெண்சாதியிடமே கேட்டிருப்பான். "டடி, நீங்கள் பொய் சொல்லுறீங்கள்" என்று ஒரே ஒரு வசனம் சொன்னான். போனை வைத்தான். ஆறு வருஷம் தகப்பனோடு கதைக்கவில்லை. பேருக்கு அர்த்தம் சொல்லி மகனைத் தொலைத்த மனுஷன் கொழும்பில் இவர் ஒருத்தர்தான் இருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் ஐந்து மணிக்கு அவன் தாய்க்கு வட்ஸ்அப்பில் எடுப்பான். கொன்ஸ்ரன்ஸ் போனைத் தூக்கிக்கொண்டு குசினிக்குப் போவா. அந்த நேரம் பார்த்துப் பிறெடி டிவியின் சத்தத்தைக் குறைப்பார். நியூஸ் பார்க்கிறாராம். சத்தம் இல்லாத நியூஸ். ஆறு வருஷமாக மகனின் குரலை அவர் அப்படித்தான் கேட்டார். கேட்டுவிட்டு, கொன்ஸ்ரன்ஸ் வெளியே வந்ததும், "ஆர் எடுத்தது?" என்று விசாரிப்பார்.

இந்த வருஷம் ஒரு ஞாயிறு கொன்ஸ்ரன்ஸ் குசினியால் வந்து அவருக்கு முன்னால் நின்றா.

"பேரன் பிறந்திருக்கிறான். ஓலாவ் எண்டு வச்சிருக்கினம்."

பிறெடி டிவியை நிற்பாட்டினார். எழும்பிப் போய் அறைக் கதவைச் சாத்தினார். இரண்டு நாள் கொப்பியோடும் போனோடும் கிடந்தார். சோற்றையும் அறைக்குள்ளே எடுத்துக்கொண்டார். அவருக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான்: அந்தப் பேருக்குள் எங்கேயாவது தான் இருக்க வேண்டும். மகன் தன்னை அடியோடு வெட்டிவிடவில்லை என்பதற்கு ஒரு துண்டு அத்தாட்சி. அதை வாயால் கேட்க அவருக்குப் பழக்கம் இல்லை. பேரில் தேடத்தான் தெரியும்.

மூன்றாம் நாள் காலமை கதவு திறந்தது. ஆளின் முகத்தில் கறண்ட் வந்திருந்தது.

"கொன்ஸி, இஞ்ச வா. நோர்ஸ் எண்டு ஒரு பழைய பாஷை. அதில இந்தப் பேர் ரெண்டு துண்டு. முதல் துண்டு முன்னோன், மூதாதை. ரெண்டாவது, அவன் விட்டுட்டுப் போனது, மிச்சம், வாரிசு. சேர்த்தால் முன்னோரின் வாரிசு. நோர்வேயில ஒரு ராசாவும் இருந்திருக்கிறார் இந்தப் பேரில, புனிதர், வேதத்துக்காக உயிர் விட்ட வேதசாட்சி, ஜூலை இருபத்தொன்பது திருநாள். கோயில்ல கலியாணம் கட்டாதவன் வேதசாட்சியின்ட பேர் வச்சிருக்கிறான், பார்த்தியே?"

அதிசயமாக, அவர் சொன்னதெல்லாம் சரி. வாழ்க்கையில் முதல்தரம் ஒரு பேருக்கு ஒரு எழுத்துப் பொய் சேர்க்காமல் அர்த்தம் சொன்னார். அதோடு நின்றிருக்கலாம். நிற்கிற ஆளா?

"முன்னோன் ஆர்? மெல்ரோய்க்கு முன்னுக்கு நான்தானே. அவன் என்ட மகன், நேர மன்னிப்புக் கேக்க மாட்டான். பேருக்குள்ள வச்சுக் கேட்டிருக்கிறான்."

கொன்ஸ்ரன்ஸுக்கு விஷயம் முதல் நாளே தெரியும். சிக்ரிட்டின் தகப்பன் பேர் ஓலாவ். பஸ் ஓட்டி ரிட்டயர் ஆன மனுஷன். அவரின் பேரைத்தான் பிள்ளைக்கு வைத்தார்கள். சொல்ல வாயெடுத்தா. ஆறு வருஷத்துக்குப் பிறகு இந்த மனுஷனின் வாய் மெல்ரோய் என்ற பேரைச் சொல்லுதே என்று நினைத்தா, வாயை மூடிக்கொண்டா. அது அவ விட்ட பிழை. பிறெடி ஒரு விரலைக் கொடுத்தால் கையைக் கேட்கிற ஆள் என்று முப்பத்தெட்டு வருஷத்தில் தெரிந்திருக்க வேண்டும்.

அன்றைக்குப் பின்னேரமே கோயில் வாசலுக்குச் செய்தி போய்விட்டது. மீன் வாங்கப் போன இடத்தில், "மல்லி, மகே முனுபுரா, நோர்வே" என்று பேரனைப் பற்றிச் சிங்களத்தில் தொடங்கி, நோர்ஸ் பாஷை வரைக்கும் கொண்டுபோய் முடித்தார். மீன்காரன் தலையை ஆட்டிக்கொண்டு விளைமீனின் செதிலைச் சுரண்டினான். வெள்ளவத்தையில் இருக்கிற வரதராசாவுக்கும் போன் போனது. வரதராசா பழைய கந்தோர்க் கூட்டாளி. கனடாவில் இரண்டு பேரப்பிள்ளைகள், இரண்டு பேருக்கும் நடுப்பேர் வரதராசா. அதைச் சொல்லாமல் அந்த மனுஷன் ஒரு பிளேன்ரீ குடித்து முடித்ததில்லை. அவரை முன்னுக்கு இருத்திவைத்து இதைக் காட்டாவிட்டால் பிறெடிக்குச் சோறு செமிக்காது.

அதனால் ஒரு ஞாயிறு ஐந்து மணிக்குக் கூட்டம். கேக்கில் நீல ஐசிங்கால் பேர் எழுதியிருந்தது. கொன்ஸ்ரன்ஸ் மகனிடம் கெஞ்சாத குறையாகக் கேட்டு, அவனும் கொஞ்சம் யோசித்து, "சரி மம்மி, டடி பிள்ளையைப் பார்க்கட்டும்" என்றிருந்தான். பிள்ளையின் படத்தைப் போனில் அனுப்புவதில்லை என்று மெல்ரோயின் வீட்டில் ஒரு தீர்மானம். பார்க்கிறவர்கள் நேரில் பார்க்க வேண்டும், இல்லாவிட்டால் வீடியோவில் பார்க்க வேண்டும். கொன்ஸ்ரன்ஸ் குசினிக்குள் நின்று நாலு ஞாயிறு பார்த்துவிட்டா. பிறெடிக்கு இதுதான் முதல்.

வரதராசா கரையோர ரயிலில் வந்து, கோட்டையில் பஸ் மாறி, வேர்வையைத் துடைத்துக்கொண்டு சோபாவில் இருந்தார். பக்கத்து வீட்டு நஸீறா வட்டிலப்பத்தோடு வந்தா. பிறெடி கோட்டுப் போட்டு, கண்ணாடி போட்டு, கையில் நாலு தாளோடு டிவிக்கு முன்னால் நின்றார்.

போனோடு தொடுத்திருந்த டிவியில் மெல்ரோய் வந்தான். தாடி வளர்த்திருந்தான். மடியில் ஒரு வெள்ளைச் சீலைச் சுருள்.

"டடி" என்றான்.

அந்த ஒரு சொல்லுக்குத்தான் மனுஷன் ஆறு வருஷம் டிவியின் சத்தத்தைக் குறைத்துக் குறைத்துக் காத்திருந்தார். கண் கலங்கியது. கலங்கின கண்ணை மறைக்கத் தாளைக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்தார். பிடித்தவர் வாசிக்கத் தொடங்கிவிட்டார்.

"மகன், நீ சொல்லாமல் சொன்னது எனக்கு விளங்கிட்டுது. ஓலாவ் எண்ட பேரின்ட முதல் துண்டு..."

"டடி, பிள்ளையைப் பாருங்கோ. முழிச்சிருக்கிறான்."

"பொறு, பொறு. மூலத்தைச் சொல்லி முடிக்கிறன்."

சிக்ரிட் குனிந்து பிள்ளையைத் தூக்கிக் கமராவுக்குக் கிட்டப் பிடித்தா. டிவி நிறையப் பிள்ளை. நஸீறா "மாஷா அல்லாஹ்" என்றா. வரதராசா கூட முன்னுக்குச் சரிந்து பார்த்தார். பிறெடி இரண்டாம் தாளுக்குப் போயிருந்தார். வேதசாட்சி ராசாவை முடித்து, மூன்றாம் தாளுக்கு வந்து, கடைசியில் தலையை நிமிர்த்தியபோது சிக்ரிட்டின் கை நோக, பிள்ளை மடிக்குத் திரும்பி, சீலை மட்டும்தான் தெரிந்தது. அது அவர் கண்ணில் படவில்லை. அவர் மெல்ரோயைப் பார்த்தார், ஓரக்கண்ணால் வரதராசாவைப் பார்த்தார்.

"இப்ப நீயே உன்ட வாயால சொல்லு மகன். முன்னோன் எண்டு ஆரை நினைச்சு வச்சனி?"

மெல்ரோய் தாயைத் தேடினான். கொன்ஸ்ரன்ஸ் நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றா. தாய் இன்னும் சொல்லவில்லை என்று அவனுக்கு விளங்கிவிட்டது. பக்கத்துக்குத் திரும்பி என்னவோ சொன்னான். கம்பளிச் சட்டை போட்ட, நெட்டையான ஒரு கிழவர் வந்து குனிந்து, கையை அசைத்து, "ஓலாவ்" என்றார். நல்ல சிரிப்பு. ஒரு கள்ளமும் இல்லாத சிரிப்பு.

"சிக்ரிட்டின்ட அப்பா, டடி. இஞ்சத்தைய ஆக்களும் எங்களைப் போலத்தான். தாத்தாட பேரைப் பேரனுக்கு வைப்பினம்."

 வரதராசா நல்ல மனுஷன்தான், சிரிக்கவில்லை. ஆனால் கேக்கை ஒரு துண்டு எடுத்து வாயை நிரப்பிக்கொண்டார். நிரப்பாவிட்டால் என்ன நடக்கும் என்று அவருக்கே தெரியும்.

நெட்டைக் கிழவர் மெல்ரோயிடம் ஏதோ கேட்டார்.

"டடி, உங்கட பேருக்கு என்ன அர்த்தம் எண்டு கேக்கிறார்."

பிறெடிக்குத் தெரியும். கொப்பியின் முதல் பக்கத்தில் பெரிய எழுத்தில் இருக்கிறது: சமாதானத்தோடு ஆளுகிறவன். நாலு தாளையும் மடித்தார். மடித்ததைத் திரும்ப மடித்தார்.

"தெரியாது" என்றார்.

அந்த வீட்டில் ஒரு பேருக்கு அப்படி ஒரு பதில் வந்தது அதுதான் முதல்தரம். பிள்ளை சிணுங்கியது. பால் கொடுக்க வேண்டும் என்று சிக்ரிட் தூக்கிக்கொண்டு போனா. "சரி மம்மி, அடுத்த ஞாயிறு எடுக்கிறன்" என்றான் மெல்ரோய். டடி என்ற சொல் அதில் இல்லை. டிவி நீலமாகப் போனது.

நஸீறா நல்ல மனதோடுதான் கேட்டா. பிள்ளையைப் பார்த்த வீட்டில் எல்லாரும் கேட்கிற கேள்விதானே.

"அங்கிள், புள்ளை யாருட சாயல்? நான் தூரத்தில இருந்து பார்த்தது, சரியா வெளங்கல்ல."

பிறெடி வாயைத் திறந்தார். அர்த்தமே இல்லாத பேருக்கெல்லாம் அர்த்தம் சொன்ன வாய். எட்டு நிமிஷம் பேரன் முன்னுக்கு இருந்தான், எட்டு நிமிஷமும் இவர் தாளுக்குள் இருந்தார். பிள்ளைக்கு முடி இருக்கிறதா இல்லையா என்று கூடத் தெரியாது. "சின்னப் பிள்ளைதானே, இன்னும் தெரியேல்லை" என்று முணுமுணுத்துவிட்டு கோட்டைக் கழற்றினார். வரதராசா அவரின் தோளைத் தட்டிவிட்டு, கடைசி ரயில் என்று ஒரு பொய்யைச் சொல்லிக்கொண்டு வெளிக்கிட்டார். அப்போது நேரம் ஆறு மணி கூட இல்லை. அவமானத்திலும் பெரிய அவமானம், அந்த ஆள் அன்றைக்குக் கனடாவைப் பற்றி ஒரு சொல் சொல்லவில்லை.

எல்லாரும் போன பிறகு கொன்ஸ்ரன்ஸ் கோப்பைகளை அடுக்கிக்கொண்டு நின்றா. பிறெடி குசினி வாசலில் வந்து நின்றார். ஆறு வருஷத்தில் ஒரு ஞாயிறு கூட அவர் அந்த வாசல் வரைக்கும் வந்ததில்லை.

"கொன்ஸி. பிள்ளை ஆரைப் போல?"

அவ திரும்பாமலே சொன்னா.

"மூக்கு உங்கட மூக்குத்தான்."

அவர் தன் மூக்கைத் தடவிப் பார்த்தார். சந்தோஷம் வந்தது. பின்னாலேயே பயமும் வந்தது. தான் எத்தனை பேரின் முகத்தைப் பார்த்து, எவ்வளவு அன்பாக, எவ்வளவு நம்பிக்கையாக, எவ்வளவு பச்சைப் பொய் சொல்லியிருக்கிறார் என்று அவரை விட ஆருக்குத் தெரியும்.

"உண்மையாவோ? இல்லாட்டி நான் கேக்கிறன் எண்டு சும்மா சொல்லுறியோ?"

கொன்ஸ்ரன்ஸ் பைப்பைத் திறந்தா.

"விறாந்தையில இருந்து நீங்கள் சொன்னதெல்லாத்தையும் சனம் நம்பிக்கொண்டுதானே போனது. நீங்களும் நம்புங்கோ."