முப்பதுக்குப் பின்னால் உள்ள புள்ளி

கல்முனையில் லேத் பட்டறை வைத்திருக்கும் சப்ரிக்குத் தலைக்கனம் கொஞ்சம் உண்டு. அதை அவன் மறைப்பதும் இல்லை. இரும்புத் தண்டு கடையக் கேட்டு யார் அளவு சொன்னாலும், "புள்ளிக்குப் பொறகு என்ன?" என்று கேட்காமல் மெசினைத் தொடமாட்டான். அதனால் ஊருக்குள் அவன் புள்ளி சப்ரி. கோபம் வந்தால் மனைவி றிபாவும் அப்படித்தான் கூப்பிடுவாள்.

போன மாதம் ஒலுவிலிலிருந்து கச்சிமுகம்மது காக்கா போன் எடுத்தார். அவருடைய போட்டில் வலை இழுக்கும் மெசினின் தண்டு முறிந்துவிட்டது.

"முப்பது மில்லிமீற்றர் தம்பி. கடைஞ்சு அனுப்புங்க."

"எதால அளந்தீங்க காக்கா?"

"மகள்ட பள்ளிக்கூட அடிமட்டத்தால. கோட்டுல சரியா நிக்கிது."

"அடிமட்டத்துக்கு முப்பது மட்டும்தான் தெரியும். புள்ளிக்குப் பொறகு ரெண்டு இலக்கம் எனக்கு வேணும்."

"இஞ்ச மீனுக்கு ஏத்தின ஐஸ் கரையிது, நீங்க கணக்குப் படிப்பிக்கிறீங்க! ஏலாட்டி சொல்லுங்க, வேற பட்டறைக்குப் போறன்."

சப்ரிக்குச் சுருக்கென்றது. நல்ல வாடிக்கை கைவிட்டுப் போகப் பார்க்கிறது. முப்பதென்றே கடைந்து கொடுத்துவிடலாம். ஆனால் தண்டு பெயாரிங்குக்குள் ஆடினால் நடுக்கடலில் திரும்பவும் முறியும், பக்கத்தில் நிற்பவனின் கை போகும்.

"பொறுங்க, நான் வாறன்" என்றவன், அளக்கும் வேனியரைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு மோட்டார் சைக்கிளை எடுத்தான்.

துறைமுகத்தில் காக்கா முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. முறிந்த தண்டில் தேயாத இடமாகப் பார்த்துத் துடைத்து, சப்ரி வேனியரால் பிடித்தான். முப்பது புள்ளி ஒன்று ஆறு. இன்னொரு தரம் பிடித்தான், அதேதான். அங்குலக் கணக்கில் செய்த பழைய மெசின் அது. அடிமட்டத்தில் அந்த மிச்சம் கோட்டின் தடிப்புக்குள்ளேயே ஒளிந்துகொள்ளும்.

மாலையில் அவன் கடைந்து கொண்டுவந்த தண்டு பெயாரிங்குக்குள் வழுக்கிப் போய் அசையாமல் நின்றது. காக்கா கையால் ஆட்டிப் பார்த்தார். போட்டை எடுக்கச் சொன்னார்.

கரை திரும்பியதும் அவரே போன் எடுத்தார்.

"தம்பி, இன்னொரு தண்டு. நாப்பது காட்டுது. ஆனா அது அடிமட்டத்துட நாப்பது. புள்ளிக்குப் பொறகு என்னெண்டு எனக்குத் தெரியா. நீங்க வந்து பாருங்க."

சப்ரிக்குப் பெருமை தாங்கவில்லை. நேரே குசினிக்குப் போய், அடுப்படியில் நின்ற றிபாவின் காதுப் பக்கம் போனை நீட்டிக்கொண்டு சொன்னான்.

"கேக்கல்ல காக்கா, இன்னொருக்காச் சொல்லுங்க."