குமாஸ்தாவுக்குக் குரல்

வெஸ்ட் வின்ட்சரில் எங்கள் தமிழ்க் கும்பலுக்கு மாதம் ஒரு சனிக்கிழமை மதியம் பாட்லக். ஆளுக்கொரு பாத்திரம் தூக்கிக்கொண்டு போய், சாப்பிட்டுவிட்டு, யாராவது ஒருவர் வீட்டு பேஸ்மென்ட்டில் படம் பார்ப்போம். அந்த முறை வீட்டுக்காரர் தன் ரசனையைக் காட்டுவதற்கென்றே ஒரு பழைய ஜெர்மன் ஊமைப்படத்தைப் போட்டார். ஊரில் ஒரு கொலை. செய்தவன் யார் என்று போலீஸ் தேடுகிறது. பார்க்கிற நமக்கு மெல்ல மெல்லத் தெரிகிறது: வேலை போய், தட்டிய கதவெல்லாம் மூடி, விரக்தியில் கத்தியெடுத்த ஒரு குமாஸ்தா.

எங்கள் ஆட்களுக்குத்தான் ஐந்து நிமிடம் சத்தமில்லாவிட்டால் மூச்சு முட்டுமே! வீட்டுக்காரர் அந்தக் குமாஸ்தாவுக்குத் தமிழில் டப்பிங் பேச ஆரம்பித்துவிட்டார். "ஐயா, சாமி, ஏதாவது ஒரு வேலை போட்டுக் குடுங்க சாமி!" என்று மூக்கால் அழுதார். பேஸ்மென்ட்டே குலுங்கியது. "திறமை இருக்கறவனை எவனாவது லே-ஆஃப் பண்ணுவானா?" என்று ஓர் அக்கா வேறு.

என் கணவருக்கு வேலை போய் ஒரு மாதம் ஆகியிருந்தது. சீக்கிரம் இன்னொன்று கிடைக்காவிட்டால் விசாவும் போகும். பிள்ளைகளோடு மூட்டை கட்ட வேண்டியதுதான். யாரிடமும் மூச்சு விடக்கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தார். தினமும் ஆபீஸ் போகிற மாதிரி இஸ்திரி போட்ட சட்டையோடு ரயில் ஸ்டேஷனுக்குக் கிளம்பிப் போய், அங்கே காருக்குள்ளேயே உட்கார்ந்து வேலை தேடுவார். இப்போது அவர் பக்கம் திரும்பினேன். மடியில் சாப்பாட்டுத் தட்டு தொடாமல் இருந்தது. கண் கொட்டாமல் அந்தக் குமாஸ்தாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. சத்தியமாவது மண்ணாவது. "போதும், நிறுத்துங்கண்ணா! இவருக்கும்தான் வேலை போயிடுச்சு. இவருக்கும் டப்பிங் குடுங்களேன், கேப்போம்!" என்று கத்தினேன்.

வீட்டுக்காரர் அதே வாயால், "சொல்லவே இல்லையே ப்ரோ! ரெஸ்யூமே அனுப்புங்க, ரெஃபர் பண்றேன்" என்றார். அந்த வாயை ஊசி நூலால் தைத்துவிட வேண்டும் போலிருந்தது. "எழுந்திரிங்க, போலாம்" என்று என் கணவரின் கையைப் பிடித்து இழுத்தேன்.

அவர் என்னைக் கோபித்துக்கொள்ளக்கூட இல்லை. திரையிலிருந்து கண்ணை எடுக்காமல், "இரு. கடைசில இவன் என்ன ஆறான்னு பாத்துட்டு வரேன்" என்றார்.

அப்போதுதான் எனக்குப் பயம் வந்தது. போய் டிவியின் வயரைப் பிடுங்கினேன்.