தேரன்று கட்டிய சிவப்புச் சேலை

மஸ்கெலியா நீர்த்தேக்கம் நிறைந்தால் எங்கள் மேடு தீவாகிவிடும். வரிசையாக ஏழு வீடு கொண்ட ஒரே லயம், ஒரே தோணி. பெண்கள் மேட்டில் தேயிலைக் கொழுந்து பறிப்பார்கள். அப்பாவும் சித்தப்பாவும் தண்ணீரில் வலை போடுவார்கள். ஆஸ்பத்திரி, கடை, கோயில் எல்லாம் அக்கரையில். யாருக்காவது உடம்புக்கு முடியாமல் போனால், உச்சியிலிருக்கும் ஒற்றை மரத்தில் சிவப்புச் சேலையைக் கட்டவேண்டும். அதைக் கண்டதும் தோணி திரும்பிவிடும். போன் சிக்னல் எங்களை எட்டிப் பார்க்காத காலம் அது.

அப்பா அந்த மரம் தெரியும் இடத்தைத் தாண்டிப் போகமாட்டார். வளைவுக்கு அந்தப் பக்கம் மீன் கொழுத்துக் கிடக்கிறது என்றாலும் போகமாட்டார். பனி மூடினால் தோணியையே எடுக்கமாட்டார். மீன் வாங்க வரும் முஸ்லிம் வியாபாரி நானா, "ஒங்கள வீட்டுல முந்தானையில முடிஞ்சு வச்சிருக்காங்களா?" என்று கிண்டல் செய்வார். அப்பா சிரித்து மழுப்புவார். எனக்குத்தான் மானம் போகும்.

ஏழு வயதிலேயே எனக்கு மூளை கொஞ்சம் அதிகம். கோயில் தேரன்று லயத்து ஆட்களைக் காலையிலேயே அக்கரையில் இறக்கிவிட்டு, வலையை எடுத்துக்கொண்டு வருகிறேன் என்று போன அப்பாவை உச்சிவெயில் ஆகியும் காணோம். அம்மா விறகுக்குப் போயிருந்தாள். பவுடரும் ரிப்பனுமாகக் காத்திருந்து பொறுமை போனதும், அம்மாவின் சிவப்புச் சேலையைக் கொண்டுபோய் மரத்தில் கட்டினேன்.

தோணி பறந்து வந்தது. முழங்கால் வரை சேறோடு அப்பா மேடேறி ஓடிவந்தார்.

"யாருக்கு என்னா? அம்மா எங்க?"

"விறகுக்குப் போயிருக்காங்க. யாருக்கும் ஒண்ணும் இல்லப்பா. தேருக்கு நேரமாச்சு, வாங்க!"

அப்பா என் நெற்றியைத் தொட்டுப் பார்த்தார். கழுத்தைத் தொட்டுப் பார்த்தார். அப்படியே புல்லில் உட்கார்ந்துவிட்டார். பின்னால் வந்த சித்தப்பா கொதித்தார்.

"இருந்த ஒரே வலைய வெட்டி விட்டுட்டு வந்திருக்கோம்! நாலு சாத்து சாத்துங்கண்ணே. அடியாத மாடு படியாது!"

அப்பா அடிக்கவில்லை. சேலையை அவிழ்த்து அதில் வெகுநேரம் முகத்தைத் துடைத்தார். வேர்வை என்று நினைத்தேன்.

தேரை அவர் தோளில் உட்கார்ந்து பார்த்தேன். எனக்காக அப்பா வலையையே வெட்டினார் என்று பள்ளிக்கூடம் முழுக்கப் பீற்றிக்கொண்டேன். புது வலை வாங்கும்வரை அவர் தோட்டத்தில் தண்ணீர் ஓடும் கான் வெட்டும் கூலி வேலைக்குப் போனது எனக்கு ஒரு பொருட்டாகவே இல்லை.

எனக்கு முன்னே ஓர் அக்கா பிறந்து காய்ச்சலில் போனது தெரியும். மீதியை, என் பிள்ளைக்குக் காய்ச்சல் கண்ட அன்றுதான் அம்மா சொன்னாள். அக்கா போன அன்றும் அதே மரம், அதே சேலை. விடிந்ததிலிருந்து கட்டியிருந்ததாம். தண்ணீரெல்லாம் பனி. அப்பா வளைவுக்கு அந்தப் பக்கம் மீன் அள்ளிக்கொண்டிருந்தார். பனி விலகி அவர் மரத்தைப் பார்த்தபோது சாயங்காலம்.

என் நெற்றி சுடவில்லை என்றுதான் அப்பா அன்று அழுதிருக்கிறார். நானோ, தேர் போய்விடும் என்று அவர் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தேன்.