சம்பந்தி மதாம்மா

மிஸ் கிளாரா ஹாப்கின்ஸை நாங்கள் யாரும் அந்தப் பெயரால் அழைத்ததில்லை. திருவனந்தபுரத்தில் வெள்ளைக்காரி என்றால் மதாம்மா. கையில் பொம்மை இருந்ததால் இவள் பொம்மை மதாம்மா. சீமை நாடகக் கம்பெனி ஒன்றில் பத்தொன்பது வருஷம் நடித்தவள். நடித்தவள் என்றால், தட்டில் கடிதம் ஏந்தி வந்து எஜமானியிடம் நீட்டிவிட்டு உள்ளே போகிற வேலைக்காரியாக. கம்பெனி ஊர் ஊராகச் சுற்றி இங்கே வந்தபோது அவளுக்கு மலேரியா கண்டது. அவளை ஆஸ்பத்திரியில் விட்டுவிட்டுக் கொழும்புக்குப் போனவர்கள் போனவர்கள்தான். ஒரு தந்திகூட வரவில்லை. வேலைக்காரி வேஷத்துக்கா ஆள் கிடைக்காது?

பிழைத்தெழுந்தவள் ஒரு பெண்கள் பள்ளிக்கூடத்தில் தையல் சொல்லிக்கொடுத்தாள். மிஞ்சிய துணியில் பொம்மைகள் தைத்தாள். கையை உள்ளே நுழைத்து விரலால் ஆட்டுகிற பொம்மைகள். அவற்றில் ஒருத்திதான் லில்லி, தோட்டக்காரன் மகள். நாற்பத்தெட்டு வயதில், திரைக்குப் பின்னால் முழங்கால் வலிக்க உட்கார்ந்தபடி, மதாம்மா முதல்முறையாகக் கதாநாயகி ஆனாள். மற்ற பொம்மைகள் பெட்டியில் கிடக்கும். லில்லி மட்டும் அவள் தலைமாட்டில்.

கதாநாயகன் கேப்டனைச் செய்து ஆட்டியவர் கரமனை அக்கிரகாரத்துப் பட்டாபி. சர்க்கார் கச்சேரியில் குமாஸ்தா, ஷோக்குப் பேர்வழி.

1927 கிறிஸ்துமஸ் விடுமுறையில் பள்ளிக்கூட ஹாலில் நாடகம். கரமனை மாமிகள், ஸ்ரீவராகத்து மாமிகள் எல்லாரும் ஆஜர். திரும்பிப் போய்த் தீட்டுக்கு ஒரு முழுக்குப் போட்டால் ஆயிற்று, வேடிக்கையை விடுவானேன்? கேப்டன் சண்டைக்குப் போனதும் லில்லி அழுதாள். ஹாலே மூக்கைச் சிந்தியது. கடைசியில் கேப்டன் உயிரோடு திரும்பிவந்து கல்யாண மோதிரத்தை எடுத்தார்.

"நிறுத்துங்கோ!"

எழுந்து நின்றவள் வாலாம்பாள், பட்டாபியின் மனைவி. எத்தனையோ பீரங்கிக்கு அசையாத கேப்டன் அந்தக் குரலைக் கேட்டதும் குப்புற விழுந்தார்.

"மார்கழி மாசத்திலே கல்யாணமா? அதொண்ணும் நடக்காது, கேட்டேளா!"

மதாம்மா திரைக்கு மேலே தலையை நீட்டினாள். "அம்மா, இது பொம்ம அல்லே?"

"பொம்மையா? அவ அழறச்சே நாங்க இத்தனை பேரும் அழுதோமே. அப்போ பொம்மை இல்லே, இப்போ மட்டும் பொம்மையோ?"

மேடையில் கழித்த அத்தனை வருஷத்திலும் அவளுக்கு இப்படி ஒரு பாராட்டுக் கிடைத்ததில்லை. கல்யாணத்தைத் தைக்குத் தள்ளிவைத்தாள்.

தையில் நல்ல முகூர்த்தம் பார்த்து, நாகஸ்வரம் வைத்துக் கல்யாணம். வந்தவர்கள் கல்யாணத்துக்கு வந்தவர்களாகவே நடந்துகொண்டார்கள். அதாவது, ஒருவரும் மேடையைப் பார்க்கவில்லை. அடுத்தவள் புடவையைப் பார்த்தார்கள், காப்பி எப்போது என்று கேட்டார்கள். தாலி கட்டும்போது மட்டும் திரும்பி அட்சதை போட்டார்கள்.

முடிந்ததும் வாலாம்பாள் வெற்றிலைத் தட்டோடு திரைக்குப் பின்னால் வந்தாள். "நாங்க பிள்ளையாத்துக்காரா. பொண்ணை அழைச்சுண்டு போறோம்."

பட்டாபி தரையைப் பார்த்தபடி இங்கிலீஷில் விளக்கினார். கேப்டன் கரமனைக்காரர்; கட்டிக்கொடுத்த பெண் இனி கரமனையில்தான். மதாம்மா லில்லியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள். வெறும் பொம்மைதானே என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், லில்லி அவளுக்கே. ஆனால் அதைச் சொன்னால் மார்கழியில் கிடைத்த பாராட்டுப் போய்விடுமே! லில்லியைக் கையிலிருந்து கழற்றிக் கொடுத்துவிட்டு ஓவென்று அழுதாள். மாமிகளும் கூடவே அழுதார்கள். பெண்ணை அனுப்பும்போது அழுவதுதானே வழக்கம். எனக்கு வாலாம்பாள்மேல் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

அதற்கப்புறம் நாடகமே இல்லை. மதாம்மா சரியாகச் சாப்பிடவும் இல்லை. சமையல் செய்கிற செல்லபாய்தான் தேற்றினாள். "ஆடிக்குப் புதுப்பொண்ணத் தாய் வீட்டுக்கு விடணும்லா? விடாம எங்க போவா?"

விட்டாள். ஆடி முதல் தேதி வாலாம்பாள் மதாம்மா வீட்டு வாசலில் வந்து இறங்கி, துணியை விலக்கி லில்லியைக் காட்டினாள். கவுனைக் காணோம். பட்டுத் துண்டில் மடிசார், தலை நிறைய எண்ணெய், மூக்கில் மூக்குத்தி. வாலாம்பாள் முகத்தில் ஒரே பெருமை.

மதாம்மா லில்லியை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். கன்னத்தைத் தடவினாள். பிறகு தெருவுக்கே கேட்கும் குரலில் சொன்னாள்:

"என்ட குட்டி இளைச்சுப் போயல்லோ! நிங்கள் வீட்டில சோறு இல்லியா?"

வாலாம்பாளுக்கு முகம் சிவந்துவிட்டது. "எங்காத்திலே என்ன கொறைச்சல்? வந்தப்பவே இப்படித்தான் இருந்தா! வளர்ப்பு அந்த லட்சணம்!"

சம்பந்திச் சண்டை ஒரு மணி நேரம் நடந்தது. தெருவே கூடி நின்று, ஒருவரும் அசையாமல் பார்த்தோம். அன்றைக்கு மதாம்மா நடித்தாளா என்று கேட்டால் வாலாம்பாளுக்கு இன்றும் கோபம் வரும்.