ரூத்தின் அப்பா எடுத்த படம்

ரூத் போய்விட்டார்.

நேற்றுப் பின்னேரம் ஒடென்சேயிலிருந்து அவருடைய மகள் போன் எடுத்துச் சொன்னாள். அடக்கமும் முடிந்துவிட்டதாம்...

எண்பத்தைந்தாம், எண்பத்தாறாம் ஆண்டாக இருக்கும். நான் டென்மார்க்குக்கு அகதியாக வந்த புதிது. ஒடென்சேயில் ஒரு முதியோர் இல்லத்துக் கிச்சனில் ரூத்தும் நானும் ஒன்றாக வேலை. என்னுடைய அரைகுறை டேனிஷைச் சிரிக்காமல் கேட்ட ஒரே ஆள்.

ஒருநாள் கிழங்கு சீவிக்கொண்டே கேட்டார். "சனிக்கிழமை லைப்ரரியிலை ஒரு பழைய ஜெர்மன் படம் போடுகினம். என்னோடை வாறியா? தனியப் போகப் பயமாக் கிடக்கு."

படம் பார்க்க என்ன பயம்?

ஊமைப்படம். ஓரமாக ஒருவர் பியானோ வாசித்தார். ஜன்னலடியில் ஒரு பெண் விளக்கோடு காத்திருக்கிறாள்... அவள் முகம் மட்டும் தெளிவு, சுற்றிவரப் பனி மூடினது போல.

ரூத் என் காதுக்குள் சொன்னார். "அந்த மங்கல் என்ரை அம்மாவின்ரை பட்டு ஸ்டாக்கிங். அப்பா அதிலை சிகரெட்டாலை ஓட்டை போட்டு, கமராவுக்கு முன்னாலை கட்டினவர்."

அப்போதுதான் எனக்குத் தெரியும். அவருடைய அப்பா வில்லி ஒரு ஜெர்மன்காரர், பெர்லினில் கமராமேன். பேசும் படம் வந்து வேலை போனபின், மனைவியின் ஊரான ஒடென்சேக்கு வந்து கல்யாண வீட்டு போட்டோ எடுத்தவர்.

படம் முடிந்ததும், போட்டுக் காட்டியவர் முன்னால் வந்தார். "இதை எடுத்த கமராமேன் ஆர் எண்டு எங்கையும் எழுதேல்லை. இங்கை ஆருக்கும் தெரியுமோ?" பகிடியாகத்தான் கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள்.

ரூத் என் கையை இறுக்கிப் பிடித்தார். "சொல்லுங்கோ ரூத்" என்றேன்.

பாதி எழும்பினார்... பிறகு குனிந்து கைப்பையை எடுத்துக்கொண்டார்.

வெளியே சைக்கிள் பூட்டைத் திறந்துகொண்டே ரூத் சொன்னார். "ஜெர்மன் ஆமி இங்கை பிடிச்சு வைச்சிருந்த யுத்தம் முடிஞ்ச நேரம் எனக்குப் பதினஞ்சு வயசு. ஜெர்மன்காரன்ரை பிள்ளை எண்டு துப்பினவை. அண்டையிலையிருந்து, அப்பா டேனிஷ்காரர் எண்டுதான் எல்லாருக்கும் சொன்னனான். அவர் பக்கத்திலை நிக்கேக்கையும்..."

"அவர் என்ன சொன்னவர்?"

"ஒண்டும் சொல்லேல்லை. ஓம் எண்டு தலையாட்டினவர்."

அவருடைய சைக்கிளை நான் வாங்கி உருட்டிக்கொண்டு கூட நடந்தேன்.

நேற்று ரூத்தின் மகள் போனில் கேட்கிறாள், "தாத்தா கல்யாண வீடுகளுக்குப் போட்டோ எடுத்த டேனிஷ்காரர்தானே?"

பெற்ற பிள்ளைக்கும் சொல்லவில்லை!

நான் சொல்லிவிட்டேன். பெர்லின், ஸ்டாக்கிங், அந்தப் பெண்ணின் முகம்... எல்லாம். ரூத் மூடி வைத்ததைத் திறக்க நான் யார்? தெரியாது. வாய்க்குள் நிற்கவில்லை.

மகள் மெல்லக் கேட்டாள், "அந்தப் படத்தின்ரை பெயர் என்ன? நான் பார்க்கவேணும்."

எனக்குத் தெரியாது.

ஜெர்மன் எழுத்து, நான் வாசிக்கவில்லை. கோல்டிங் நகரத்துக்கு மாறி வந்தபிறகும் ஒவ்வொரு கிறிஸ்மஸுக்கும் ரூத்தோடு போனில் கதைத்தேன். பனியைப் பற்றி, முழங்கால் நோவைப் பற்றி... ஒருமுறை இதைக் கேட்டிருக்கலாம்.

"பரவாயில்லை" என்றாள் மகள்.

மன்னியுங்கோ ரூத்.

போயிட்டு வாங்கோ...