இளநீர் வாங்கப் போன எதிர்மனுதாரர்

குடும்ப நீதிமன்றத்தில் கல்யாணம் முறியப் பெரிய சண்டையெல்லாம் வேண்டாம், பேர் கூப்பிடும்போது பாத்ரூம் போயிருந்தாலே போதும். திருச்சியில் வக்கீல் குமாஸ்தாவாக இதைத்தான் வருஷக்கணக்காகப் பார்க்கிறேன். ஒரு தரப்பு வராமலே சொல்லும் தீர்ப்புக்கு 'எக்ஸ்பார்ட்டி' என்று பேர். அதை ரத்து பண்ணச் சொல்லி மனு டைப் அடிப்பது என் தலையெழுத்து. கோர்ட் வராண்டாவில் கால் கடுக்க நின்றவர்களுக்கு என் கஷ்டம் புரியும்.

மூணு தடவை

செந்தில் திருவெறும்பூரில் லேத் பட்டறை வைத்திருப்பவர். பொண்டாட்டி கோமதி கோபித்துக்கொண்டு ஸ்ரீரங்கத்தில் அம்மா வீட்டுக்குப் போய், அங்கிருந்து விவாகரத்து கேட்டுவிட்டார். இவருக்கோ பிரிய மனசே இல்லை. வாய்தாவன்று காலையிலேயே வந்து நின்ற மனுஷன், பதினோரு மணிக்குக் காணாமல் போனார். அவருக்கு வக்கீலான எங்க சாரும் வேற கோர்ட்டில் இருந்தார். டவாலி மூணு தடவை பேர் சொல்லிக் கத்தினார், ஆளில்லை. கோமதி தரப்பை மட்டும் கேட்டு அன்றைக்கே விவாகரத்து கொடுத்துவிட்டார்கள்.

கால் மணி கழித்துக் கையில் இளநீரோடு வந்தார் செந்தில். எனக்கு வந்த ஆத்திரத்தில் அதைப் பிடுங்கி அவர் தலையிலேயே உடைத்திருப்பேன். அவர் நிதானமாகச் சொன்னார்: "கோமதி தலை சுத்துதுன்னுச்சுங்க. நல்ல வழுக்கையா ஒண்ணு பார்த்து வாங்க லேட்டாயிடுச்சு."

நம்புகிற மாதிரி ஒரு காரணம்

ரத்து மனுவை முப்பது நாளுக்குள் போட்டாக வேண்டும். எங்க சார் தலையில் கை வைத்துக்கொண்டார். "விவாகரத்து கேட்ட பொண்டாட்டிக்கு இளநீர் வாங்கப் போனேன்னு எழுதினா எந்த ஜட்ஜ்யா நம்புவாங்க? மஞ்சள்காமாலைன்னு போடு." எங்க ஆபீஸில் கோர்ட்டுக்கு வராதவர்களுக்கெல்லாம் காமாலைதான்.

செந்திலுக்கு மனசு கேட்கவில்லை. என் மேஜைப் பக்கம் குனிந்து ரகசியமாகக் கேட்டார்: "எனக்குக் காமாலை வந்ததே இல்லைங்க. சின்ன வயசுல அம்மை போட்டிருக்கு, அதை எழுதிக்கலாமா?"

ஏழாவது பாரா

பழைய மனுவை எடுத்துப் பேரை மாற்றி அடிப்பது எங்கள் வழக்கம். நாலாவது பாராவில் காமாலையை நுழைத்தேன். ஏழாவது பாராவைப் பார்க்கவே இல்லை, பாவி நான். விசாரணையன்று ஜட்ஜம்மா மனுவைப் படித்துக்கொண்டே வந்தவர், கண்ணாடியைக் கழற்றினார். "காமாலை, சரி. பிரசவத்துக்குத் தாய்வீடு வேற போயிருந்தீங்களா செந்தில்?"

லால்குடி அம்மா ஒருத்தருக்கு அடித்த மனு அது. மனு தள்ளுபடியானால் அந்த மனுஷன் குடும்பம் என்னால்தான் போச்சு. செந்தில் குனிந்து தன் வயிற்றைப் பார்த்துக்கொண்டார். அப்போதுதான் கோமதி சிரிக்க ஆரம்பித்தார். முந்தானையால் வாயைப் பொத்தியும் அடங்கவில்லை. சிரித்து முடித்து, இளநீர் விஷயத்தை அவரே சொல்லிவிட்டார்.

"அன்னிக்கே ஏன்மா சொல்லலை?" என்றார் ஜட்ஜம்மா.

"வந்தாரான்னுதாங்க கேட்டாங்க. எங்க போனாருன்னு யாரும் கேக்கலை."

"சரி, தீர்ப்பை ரத்து பண்ண ஆட்சேபணை இருக்கா?"

கோமதி முந்தானையை இழுத்துச் சொருகிக்கொண்டார். "இல்லீங்கம்மா. விவாகரத்து ஆனப்புறமும் அந்த இளநீரை வாங்கிக் குடிச்சேனே, அப்பவே எனக்குத் தெரிஞ்சுபோச்சு."

எழுதியிருந்த காரணம் அத்தனையும் பொய் என்று கோர்ட்டிலேயே வெளுத்த பிறகும் ஜெயித்த மனு, நான் அடித்ததில் அது ஒன்றுதான்.