கனயாவில் ஒரு துண்டுக் காணி

காலை ஒன்பது மணிக்குக் கனயா நிலையத்தில் இறங்கினேன். டோக்கியோவிலிருந்து ஷிசுவோகா வரை அதிவேக ரயில், ஆறாயிரம் யென்னுக்குச் சற்றுக் குறைவு. அங்கிருந்து சாதாரண ரயிலில் அரை மணி நேரம். வழியில் புஜி மலை தெரியும் என்றார்கள். தெரியவில்லை. இலங்கையில், எங்கள் மலைநாட்டுப் பட்டிப்பொலையில் நின்று மேகத்தை மட்டும் பார்த்துத் திரும்பிப் பழகியவனுக்கு அது பெரிய ஏமாற்றம் இல்லை.

நான் ஊர் பார்க்க வந்தவனும் இல்லை. என் அக்கா மகள் தர்ஷினி இங்கே ஒரு முதியோர் இல்லத்தில் வேலை செய்கிறாள். அவள் பராமரிக்கும் நகமுரா என்ற பெரியவர், தன் தேயிலைக் காணியை அவளுக்கே தருவதாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். அவருடைய பிள்ளைகளுக்கு டோக்கியோவில் உத்தியோகம், காணி வேண்டாமாம். இந்தச் செய்தி எங்கள் ஊர் கந்தப்பளைக்குப் போன நாளிலிருந்து அக்காவுக்குத் தூக்கம் இல்லை. ஆயுசில் பாதியைக் கொழுந்து பறித்தே கழித்தவள் அவள். இப்போது வீட்டில் தோட்டத்துக்கு வேலைக்குப் போகிறவர் யாருமில்லை, குடியிருக்கும் லயத்துக் காம்பராவைக் காலி பண்ணுங்கள் என்று தோட்டத்தில் நெருக்குகிறார்கள். "நம்ம பேர்ல உலகத்துல எங்கயாச்சும் ஒரு துண்டு இருக்கட்டும்டா. போய் மண்ணைப் பாரு, எழுத்துல வாங்கிட்டு வா" என்று என்னை அனுப்பினாள். டிக்கெட் தர்ஷினி போட்டது. நுவரெலியாவில் புத்தகக் கடை வைத்திருப்பவனுக்கு மண்ணைப் பற்றி என்ன தெரியும் என்று யாரும் கேட்கவில்லை. நானும் ஞாபகப்படுத்தவில்லை.

தர்ஷினி நிலைய வாசலில் நின்றாள். அக்கா கொடுத்துவிட்ட இரண்டு கிலோ தூளை நீட்டினேன்.

"தேயிலை ஊருக்குத் தேயிலையா மாமா?"

"உங்கம்மா குடுத்தது. நான் வெறும் சுமைகூலி."

"பாலும் சீனியும் போட்டு இங்க யாருக்கும் குடுத்துறாதீங்க. அழுதுருவாங்க."

நிலையத்துக்குப் பக்கத்திலேயே ஏற்றம் தொடங்குகிறது. உருண்டைக் கற்கள் பாவிய பழைய ராஜபாட்டை, மரநிழலும் பாசியும். எனக்கு மூன்று இடத்தில் மூச்சு வாங்கியது. மூன்று இடத்திலும் இயற்கையை ரசிப்பதுபோல் நின்றேன். கீழே அகலமாக ஓயி ஆறு, தண்ணீரைவிடக் கூழாங்கல் அதிகம். அந்தக் காலத்தில் இந்த ஆற்றுக்குப் பாலம் கட்ட அரசு விடவில்லை. பிரயாணிகளைத் தோளில் தூக்கிக் கரை சேர்க்கவே ஒரு சுமைகாரர் கூட்டம் இருந்தது. பிறகு காலம் மாறி அவர்கள் பிழைப்பு போனது. மேலே தரிசாகக் கிடந்த மக்கினோஹரா மேட்டில், வேலை இழந்த போர்வீரர்களோடு அவர்களும் சேர்ந்து தேயிலை போட்டார்கள். நிலம் அவர்களுக்கே ஆனது. எங்கள் முன்னோரும் சுமந்தவர்கள்தான், மலையேறித் தேயிலை போட்டவர்கள்தான். கிடைத்தது பத்தடிக்குப் பன்னிரண்டடியில் ஒரு காம்பரா. அதுவும் இரவல்.

மேட்டில் ஏறியதும் கண்ணுக்கெட்டிய மட்டும் தேயிலை, சீவி விட்டதுபோல் வரிசை வரிசையாக. நடுநடுவே உயரமான கம்பங்களில் மின்விசிறிகள். பனி கொழுந்தைக் கருக்காமல் இருக்க அவை சுற்றுமாம். கந்தப்பளையிலும் பனி கொட்டுகிறது. விசிறி வாங்க யோசனை சொன்னால் தோட்டத்துத் துரை என்ன சொல்வார் என்று நினைத்தபோது தர்ஷினி சட்டென்று நின்றாள்.

முன்னால் ஒரு யந்திரம் தேயிலைச் செடிகளைத் தூரோடு பிடுங்கிக்கொண்டிருந்தது.

"அதா மாமா, நம்ம காணி" என்றாள்.

பிடுங்கிய செடிகளில் வெள்ளைப் பூ நிறைந்திருந்தது. கவ்வாத்து வெட்டாமல் வளரவிட்டால் தேயிலை இப்படிப் பூக்கும். வேரடியில் மக்கிய புல். இந்த ஊரில் குளிர் தொடங்கும்போது ஓரத்துப் புல்லை வெட்டித் தேயிலை வரிசைக்கு இடையில் பரப்புவார்கள்.

"போன வருஷம் லீவு நாள்லெல்லாம் நான் வெட்டிப் போட்டது" என்றாள்.

நகமுராவின் மூத்த மகன் அங்கே நின்றிருந்தார். காலில் போட்டிருந்த பட்டணத்துச் சப்பாத்தில் செம்மண். எங்களைக் கண்டதும் இடுப்புவரை வளைந்து வணங்கி நிறையப் பேசினார். அவளும் வளைந்து வளைந்து பதில் சொன்னாள். பிறகு என் பக்கம் திரும்பினாள்.

"மூணு ஒபீசுல விசாரிச்சாராம். என் விசா ஆள் பாக்குற வேலைக்கு மட்டுந்தானாம். காணி எடுக்க ஏலாதாம். சும்மா விட்டா பூச்சி புடிச்சுப் பக்கத்துத் தோட்டத்துக்குப் பரவும், அதனால புடுங்கிடுறோம், மன்னிச்சுக்கங்கன்னு சொல்றாரு."

"நீ என்ன சொன்ன?"

"சிரமத்துக்கு நன்றின்னேன். வேற என்னா சொல்ல?"

அவர் அழகாகத் தாள் சுற்றிய ஒரு பெட்டியை இரு கையாலும் என்னிடம் நீட்டினார். மன்னிப்புக் கேட்கப் போகிறவர்கள் இனிப்புக் கொண்டுபோவது இங்கே மரியாதை. நானும் வளைந்து வாங்கிக்கொண்டேன். தலைமுறை தலைமுறையாக எங்களுக்குக் காணி இல்லை என்று சொன்னவர்களில் இனிப்புக் கொடுத்தவர் இவர் ஒருவர்தான். கோபப்படக்கூட வழியில்லாமல் போயிற்று.

மத்தியானம் அவளுக்கு வேலை. இல்லத்தில், ஜன்னலோரச் சக்கர நாற்காலியில் நகமுரா உட்கார்ந்திருந்தார். மிகச் சின்ன மனிதர். தர்ஷினியைப் பார்த்ததும் முகம் மலர்ந்து ஏதோ கேட்டார். அவள் குனிந்து அவர் காலுறையை இழுத்துவிட்டபடியே சிரித்துப் பதில் சொன்னாள்.

"என்ன கேக்குறாரு?"

"காணிக்குப் புல் போட்டாச்சான்னு. தெனமும் கேப்பாரு."

"நீ?"

"போட்டாச்சுன்னேன்." முகத்தைத் திருப்பாமலே சொன்னாள்: "அம்மாகிட்ட நீங்களே சொல்லிருங்க மாமா. ரெண்டு பேருக்கும் பொய் சொல்ல என்னால ஏலாது."

சாயங்கால ரயிலில் திரும்பினேன். பெட்டியில் பேச்சுச் சத்தமே இல்லை. இங்கே ரயிலுக்குள் யாரும் போன் பேசுவதில்லை. யய்சு நிலையம் தாண்டியதும் அக்காவின் அழைப்பு வந்தது. கோட்டுக்குள் தலையைப் புதைத்துக்கொண்டு எடுத்தேன்.

"மண்ணைப் பாத்தியாடா?"

"பாத்தேங்கா. நல்ல செம்மண்ணு."

"மண்ணு எங்கயும் நல்லாத்தான்டா இருக்கும். எழுதிக் குடுத்தாங்களா?"

ரயில் குகைக்குள் நுழைந்தது. கந்தப்பளையில் மழை இருட்டினாலே போன் செத்துவிடும். அந்த நம்பிக்கையில் அழைப்பு அறுந்துபோகக் காத்திருந்தேன். ஜப்பானில் மலைக்கு அடியிலும் சிக்னல் இருக்கிறது.

"சொல்லுடா" என்றாள் அக்கா, பக்கத்தில் உட்கார்ந்திருப்பதுபோல. "எழுதிக் குடுத்தாங்களா?"